பூர்வீகர் நலச் சங்கத்தில் ஓர் உள்ளூர்க்காரர்

ஓசூரில் இரண்டு பேர் முதன்முறையாகச் சந்தித்தால் பெயர் கேட்பதில்லை. "சொந்த ஊர் எது?" என்றுதான் கேட்பார்கள். மதிப்புள்ள பதில் என்றால் அது குறைந்தது ஒரு ராத்திரி பஸ் பயணத் தொலைவில் இருக்க வேண்டும். நாகர்கோவில் என்றால் உட்கார நாற்காலி வரும். தூத்துக்குடி என்றால் டீயும் சேர்ந்து வரும். தர்மபுரி என்றால், "பக்கத்துலயே வேலை கெடைச்சிருச்சாக்கும்" என்று கொஞ்சம் பொறாமையோடு நகர்ந்துவிடுவார்கள்.

ஐப்பசி மாதத்து ஞாயிற்றுக்கிழமை ஒன்றில், ஒற்றுமை நகர் அனைத்து மாவட்டப் பூர்வீகர் நலச் சங்கத்தின் அலுவலகத்தில் நின்றுகொண்டு கோவிந்தன், "இதேதாங்க" என்றார்.

சங்கத் தலைவர் கந்தன் கண்ணாடியைக் கழற்றித் துடைத்து மறுபடி மாட்டிக்கொண்டார்.

"இப்ப குடியிருக்கற ஊரக் கேக்கல. சொந்த ஊர்."

"அதாங்க. இதே."

"இதேன்னா?"

கோவிந்தன் செருப்பைக் கழற்றிவிட்டு வந்திருந்த காலால் அலுவலகத்துத் தரையை லேசாகத் தட்டிக் காட்டினார். டைல்ஸ் போட்ட தரை. அதற்குக் கீழே அவருடைய கேழ்வரகுக் காடு இருந்தது.

கெலவரப்பள்ளி அணைக்குப் போகும் சாலையில் ஒற்றுமை நகர் வருவதற்கு முன் அங்கே கோவிந்தனும் அவர் பங்காளிகளும் கேழ்வரகு போட்டுக்கொண்டிருந்தார்கள். பிறகு நிலத்தை விற்றார்கள். பங்காளிகள் ஆளுக்கொரு கார் வாங்கி ஆளுக்கொரு திசையில் போனார்கள். கோவிந்தன் மட்டும் மூலை மனை ஒன்றை நிறுத்திக்கொண்டு அதில் மாடிவீடு கட்டினார். நகரின் மதில்சுவருக்கு வெளியே மிச்சமிருந்த துண்டு நிலத்தில் ரோஜா போட்டார். நகருக்குத் தண்ணீர் கொடுக்கும் ஆழ்துளைக் கிணறுகூட அவர் போட்டதுதான். நிலத்தோடு சேர்த்து அதையும் விற்றுவிட்டபடியால் அதைப் பற்றி அவர் பேசுவதில்லை. விற்றதை விற்றது என்று நினைக்கிற பழைய பழக்கம்.

போன வருடம் வரை தண்ணீர் தெருவாரியாக வந்தது. அப்புறம் கந்தன் தலைவரானார். கந்தன் ஒரு உதிரிபாகத் தொழிற்சாலையில் பர்சனல் மேனேஜராக இருந்து ஓய்வு பெற்றவர். அங்கே காலமெல்லாம் உழைத்தவர்களை ஏசி அறைக்குக் கூப்பிட்டு, காபி கொடுத்து, "நீங்க இனிமே நம்ம குடும்பத்துல இல்ல" என்பதை அவர்களே நன்றி சொல்லிவிட்டுப் போகும்படி எடுத்துச் சொல்வதில் பெயர் வாங்கியவர். அந்தத் திறமை ஓய்வுக்குப் பின் வீட்டில் சும்மா கிடந்து துருப்பிடிக்க ஆரம்பித்திருந்தது. தலைவரான முதல் கூட்டத்திலேயே, "தெருங்கறது வெறும் ஜல்லியும் தாரும். மனுஷனுக்கு வேர்தான் முக்கியம்" என்று முழங்கி, வேர்வாரித் தண்ணீர் விநியோகத் திட்டத்தைக் கொண்டுவந்தார். திங்கள் திருநெல்வேலி, செவ்வாய் மதுரை என்று கிழமைகள் பிரிக்கப்பட்டன. டெல்டாக்காரர்களுக்குப் புதன். சனி ராமநாதபுரம், சிவகங்கைக்கு. ஞாயிற்றுக்கிழமை பொதுநல நாள். அன்றைக்கு நிர்வாகிகளின் வீடுகளுக்கு மட்டும் வரும். எல்லாக் கிழமையும் கோவிந்தனுடைய வீட்டுக்குழாயில் காற்று வந்தது.

சாதாரணமாக இருந்தால் அவர் பொறுத்துக்கொண்டிருப்பார். ஆனால் சேலத்தில் கட்டிக்கொடுத்த ஒரே மகள் பிரியதர்ஷினி முழுகாமல் இருந்தாள். தலைப்பிரசவம் தாய்வீட்டில். பங்குனியில் வளைகாப்பு முடிந்ததும் அழைத்துவர வேண்டும். சம்பந்தியம்மாள் சரோஜம்மாள் போனில் ஒரே ஒரு கேள்விதான் கேட்டிருந்தார்.

"தண்ணி எப்படிங்க சம்மந்தி?"

"வருதுங்க" என்று சொல்லிவிட்டார் கோவிந்தன். அதனால்தான் இந்த ஞாயிற்றுக்கிழமை.

"மிஸ்டர் கோவிந்தன்," என்றார் கந்தன். காபி வந்தது. "நான் வாழ்நாள் முழுக்க மனித வளத்துல இருந்தவன். சொந்த ஊர்னா என்ன? விட்டுட்டு வந்த எடம். நீங்க எத விட்டுட்டு வந்தீங்க?"

"எதையும் வுடலீங்களே."

"அப்ப உங்களுக்குச் சொந்த ஊர் இல்ல. வேர் இருக்கா இல்லையான்னு எப்படித் தெரியும்? பிடுங்கிப் பாத்தாத்தான தெரியும்? எங்கள எல்லாம் பிடுங்கியாச்சு. அதனால வேர் தொங்குது, கண்ணுக்குத் தெரியுது. உங்கள யாருமே பிடுங்கலையே!" அவர் குரலில் நிஜமாகவே இரக்கம் இருந்தது. சுற்றி உட்கார்ந்திருந்த நிர்வாகிகள் 'ச்சு' கொட்டினார்கள்.

"சரி, வீட்ல என்ன பாஷை?"

"வூட்ல தெலுங்குங்க. சந்தைக்குப் போனா கன்னடம். பள்ளிக்கூடத்துல தமிழு படிச்சங்க."

"பாத்தீங்களா, நீங்களே குழம்பிப் போயிருக்கீங்க."

கோவிந்தனுக்கு அன்றுவரை அதில் ஒரு குழப்பமும் இருந்ததில்லை. இப்போது லேசாக வந்தது.

"எங்கம்மா ஊரு அஞ்செட்டிங்க," என்றார் தயங்கித் தயங்கி. "காட்டுப் பக்கம். பஸ்ஸே எப்பவாச்சும்தான்."

கந்தன் நிமிர்ந்து உட்கார்ந்தார். "பஸ் இல்லையா? நல்ல அம்சம்தான். யானை வருமா?"

"வருங்க."

"அடடா." நிர்வாகிகளைப் பார்த்தார். அவர்களும் ஆசைப்பட்ட மாதிரிதான் தெரிந்தது. பிறகு அவர் பெருமூச்சு விட்டார். "ஆனா மாவட்டம் தாண்டலையே. மத்தியானம் கெளம்பி சாயங்காலம் திரும்பற எடத்தயெல்லாம் பூர்வீகம்னு ஒத்துக்கிட்டா நாளைக்கு ராயக்கோட்டைக்காரன் வந்து நிப்பான். ஓசூர் யாருக்கும் சொந்த ஊர் கெடையாது. இது சங்கத்தோட முதல் தீர்மானம். ஒருத்தருக்குச் சொந்தம்னு சொல்லிட்டா மத்தவங்க மனசு புண்படும்லா?"

"லாரித் தண்ணியாச்சும் வாங்கிக்கறங்க."

"வெளித்தண்ணி நகருக்குள்ள வரக்கூடாது. ஒற்றுமை கெட்டுப்போகும்." கந்தன் எழுந்து கைகொடுத்தார். கோவிந்தன் நன்றி சொல்லிவிட்டு வெளியே வந்தார். பாதி வழி வந்த பிறகுதான் எதற்கு நன்றி சொன்னோம் என்று யோசித்தார்.

வாசலில் சென்னப்பன் நின்றிருந்தான். அவரோடு ஒரே பள்ளிக்கூடத்தில் படித்தவன். அவனும் நிலத்தை விற்றவன்தான், மனை நிறுத்திக்கொள்ளாதவன். இப்போது சங்கத்தில் தண்ணீர் திறந்துவிடும் வேலை. ஆள் உயர இரும்புக் கம்பியைத் தோளில் சாத்தியிருந்தான். அதைத் தரைக்குள் விட்டுத் திருகினால்தான் எந்த வீட்டு வால்வும் திறக்கும்.

"உனக்குத் தண்ணி எந்தக் கெழமை சென்னப்பா?"

"நான் சம்பள ஆளுண்ணா. சம்பள ஆளுக்கு ஊரு தேவயில்ல." கம்பியைத் தோள் மாற்றிக்கொண்டான். "இதுங்ககிட்ட நாயம் பேசாத. எவனாச்சும் ஒரு கும்பல்ல போய்ச் சேந்துக்க."

"எப்படிடா சேர்றது? மூஞ்சியப் பாத்தாலே தெரியாது?"

"அவுனுங்க மூஞ்சியையே அவுனுங்களுக்குத் தெரியாதுண்ணா. போ."

வீட்டில் மனைவி சுகுணா ரோஜாத் தோட்டத்திலிருந்து டிவிஎஸ் வண்டியில் கேன் கேனாகத் தண்ணீர் கொண்டுவந்து மாடிப்படியில் அடுக்கிக்கொண்டிருந்தாள். தோட்டத்துத் தண்ணீரும் வெளித்தண்ணீர்தான் என்று காவலாளி கேட்டில் தகராறு செய்ததால், ஒவ்வொரு கேனுக்கும் மேலே ரோஜாக் கட்டு ஒன்றை வைத்து மறைத்துக் கொண்டுவந்திருந்தாள். நடந்ததை எல்லாம் கேட்டுவிட்டுச் சொன்னாள்:

"உங்கப்பன் உன்னய கொஞ்சம் தள்ளிப்போய்ப் பெத்திருக்கக் கூடாதா?"

கார்த்திகையில் ராசாத்தி வந்தாள். ராமநாதபுரம், சிவகங்கைக் கிளையின் செயலாளர். கணவனுக்குத் தொழிற்சாலையில் கிரைண்டிங் மெஷினில் வேலை, இவள் வீட்டிலேயே இட்லி மாவு அரைத்து விற்பவள். வந்த வேகத்தில் நாற்காலியை இழுத்துப்போட்டு உட்கார்ந்தாள்.

"அண்ணே, நேராவே சொல்லிப்புடுறேன். எங்க கெளையில ரெண்டு வீட்டாளுக மெட்ராஸ் பக்கம் போயிட்டாக. பத்து வீடு இருந்தாத்தேன் சனிக்கெழம எங்களுக்கு. இல்லேன்னா கந்தன் சார் அதத் தூக்கி வேற கெளைக்குக் குடுத்துருவாரு. எனக்கு ஆளு வேணும், ஒங்களுக்குத் தண்ணி வேணும். ராமநாதபுரத்துக்காரரா ஆயிடுறீகளா?"

"நான் அந்தப் பக்கமே போனதில்லீங்களே தங்கச்சி."

"போயிருந்தாத்தேன் கஷ்டம்ணே. போகாத ஊர நெனச்சு ஏங்குறது ரொம்ப சுளுவு. எங்கிட்டு வேணாலும் இழுத்துக்கலாம். அன்னைக்குக் கூச்சப்பட்டுச் சொந்த ஊர மறைச்சுப்புட்டீகன்னு கந்தன் சார்கிட்ட நாஞ் சொல்லிக்கிறேன்."

அன்றிலிருந்து பயிற்சி ஆரம்பமானது. கோவிந்தனுக்கு ஒதுக்கப்பட்ட ஊரின் பெயர் வேப்பங்கண்மாய். ஏரி என்ற சொல்லை அவர் மறக்க வேண்டியிருந்தது. அது கண்மாய். மார்கழிப் பனியில் வெற்றுடம்போடு ரோஜாவுக்குத் தண்ணீர் பாய்ச்சிய மனிதர், குரங்குக்குல்லாவும் ஸ்வெட்டரும் போட்டுக்கொண்டு தெருமுனையில் நின்று, "என்னா ஊருய்யா இது, குளிரு எலும்பக் கடிக்கிது" என்று போகிறவர் வருகிறவரிடமெல்லாம் சலித்துக்கொண்டார். பார்த்த கன்னியாகுமரிக்காரர் ஒருவர் மனம் நெகிழ்ந்து, "நானும் வந்த புதுசுல இப்பிடித்தான்" என்று தோளில் கைவைத்தார். அந்தத் தெருவில் கோவிந்தன் வீடு கட்டிக் குடிவந்த நாளிலிருந்து அவரோடு யாராவது ஒருவர் பேசியது அதுதான் முதல் தடவை.

கேழ்வரகுக் களியை விடுவதுதான் சிரமமாக இருந்தது. ராசாத்தி திடீர் திடீரென்று வந்து பார்ப்பாள். சுகுணா களிச்சட்டியைத் தூக்கிக்கொண்டு மாடிக்கு ஓடுவாள்.

"களியா? அய்ய, அதெல்லாம் எங்களுக்கு எறங்காதுங்க" என்று கோவிந்தன் வாயைத் துடைத்துக்கொண்டே சொல்வார்.

"'எறங்காதுங்க' இல்லண்ணே. 'எறங்காதுல்ல.' அந்த 'ங்க'வ மொதல்ல விடுங்க. மரியாத ஜாஸ்தியா இருந்தா இந்தப் பக்கத்து ஆளுன்னு கண்டுபிடிச்சுருவாக."

பொங்கலுக்குச் சோதனை. பொங்கலுக்கு ஒற்றுமை நகர் முழுவதும் காலியாகிவிடும். விளக்கெரிகிற வீடு சந்தேகத்துக்குரியது. அந்தச் சமயத்தில்தான் ரோஜாவுக்கு வருடத்திலேயே நல்ல கிராக்கி. பூப்பறிப்பை, தோட்டத்து அறையில் போய்த் தங்கிக்கொண்ட சுகுணாவின் தலையில் போட்டுவிட்டு, கோவிந்தன் பெட்டியோடு கிளம்பினார். கேட்டில் கந்தனே நின்று ஒவ்வொருவர் பெட்டியையும் தூக்கிப் பார்த்து அனுப்பினார். போகும்போது பெட்டி லேசாக இருக்க வேண்டும், வரும்போது கனக்க வேண்டும் என்பது சங்கத்தின் மரபு. "ஊருக்குப் போற சந்தோஷம் மொகத்துல தெரியணும் மிஸ்டர் கோவிந்தன்" என்றார். கோவிந்தன் சந்தோஷப்பட்டார். அதைக் கந்தன் சற்று நேரம் உற்றுப் பார்த்துவிட்டு விட்டுவிட்டார்.

பஸ் மாறி பஸ் மாறி வேப்பங்கண்மாய்க்குப் போய்ச் சேர்ந்தபோது வெயில் உச்சியில் இருந்தது. கண்மாயில் ஆடுகள் மேய்ந்தன. தண்ணீர் இருக்க வேண்டிய இடத்தில் பையன்கள் கிரிக்கெட் ஆடினார்கள். சைக்கிளுக்குப் பஞ்சர் ஒட்டிக்கொண்டிருந்த ஒருவர் கோவிந்தனின் முகத்தைப் பார்த்துவிட்டு, எழுந்து உள்ளே போய்ச் செம்பு நிறையத் தண்ணீர் கொண்டுவந்து கொடுத்தார். குடித்து முடித்த பிறகுதான் கேட்டார்.

"எந்த ஊருங்க?"

"ஓசூருங்க."

"ஓசூரா! எங்காளுக பாதிப்பேரு அங்கதேன இருக்காக. நல்லா இருக்காகளா?"

"ரொம்ப ஏங்கறாங்க" என்றார் கோவிந்தன்.

"எதுக்கு? இங்கிட்டு என்ன இருக்குன்னு?" பஞ்சர்காரருக்கு உண்மையிலேயே புரியவில்லை.

ஊரைக் கேட்பதற்கு முன்னால் தண்ணீர் கொடுத்த இந்தச் சம்பவத்தைச் சங்கத்தில் சொல்லக்கூடாது என்று கோவிந்தன் முடிவு செய்துகொண்டார். கருவாடும் கருப்பட்டியுமாகப் பெட்டியைக் கனக்கவைத்துக்கொண்டு அடுத்த பஸ்ஸில் திரும்பினார். கருவாட்டைச் சுகுணா வீட்டுக்குள் சேர்க்கவில்லை. ஆனால் வாசலில் அது மணத்துக்கொண்டு கிடந்ததால் தெருவில் அவர்களுடைய மதிப்பு உயர்ந்தது.

மாசியில், புதிதாகச் சேர்ந்தவரின் பூர்வீகத்தை மேடையேற்றிச் சோதிக்கும் வேர் உறுதி விழா. சமுதாயக்கூடம் நிறையக் கூட்டம். கந்தன் மேடையேறி மைக்கைத் தட்டினார்.

"நான் இந்த ஓசூருக்கு இளைஞனா வந்தேன். இன்னைக்குத் தலை நரைச்சுப் போச்சு. இத்தனை வருஷத்துல இந்த மண்ணோட ஒரு நாள், ஒரே ஒரு நாள் ஒட்டியிருப்பனா? எதிர்வீட்டுக்காரன் பேர் தெரியாது! இந்த ஊர்ப் பேச்சுல ஒரு வார்த்தை தெரியாது! இதுதான் அன்பர்களே என் வாழ்நாள் சாதனை!"

கைதட்டல்.

"எங்க ஊர்ல இருந்த வீட்ட நான் எப்பவோ வித்தாச்சு. தம்பிக்கும் எனக்கும் பேச்சுவார்த்தை கெடையாது. ஊருக்குப் போனா லாட்ஜ்லதான் தங்குறேன். எனக்கு அங்க தெரிஞ்சவன் லாட்ஜ் மேனேஜர் ஒருத்தன்தான், அவனும் கேரளாக்காரன். ஆனா அந்த லாட்ஜ்ல ஜன்னலச் சாத்திட்டுப் படுத்து நான் ஏங்குவேன் பாருங்க, அந்த ஏக்கத்துக்கு இன்னைவரைக்கும் ஒரு குறை கெடையாது!"

பலர் கண்ணைத் துடைத்துக்கொண்டார்கள். கோவிந்தன் மேடைக்கு அழைக்கப்பட்டார். ராசாத்தி முன்வரிசையில் உட்கார்ந்து உதட்டசைவில் 'கருவேலங்காடு, கருவேலங்காடு' என்று சொல்லிக்கொடுத்துக்கொண்டிருந்தாள்.

"கண்ண மூடுங்க," என்றார் கந்தன். "உங்க ஊரப் பாருங்க. என்ன தெரியுது?"

கோவிந்தன் கண்ணை மூடினார். கருவேலங்காடு வரவில்லை. கண்மாய் வரவில்லை. ராசாத்தி சொல்லிக்கொடுத்த அய்யனார் குதிரைகூட வரவில்லை. கால் வழக்கம்போலத் தரையைத் தட்டிப் பார்த்தது. அந்தக் கூடம் நிற்கிற இடத்தில் முன்பு அவர்களுடைய களம் இருந்தது.

"ஒரு களம் தெரியுதுங்க," என்றார். "கேப்ப... கதிரு அறுத்துப் போட்டிருக்குது. மாடு சுத்திச் சுத்தி வருது. ஓரமா ஒரு புங்கமரம். மரத்தடியில என் பொண்ணு தூங்கறா. எறும்பு கடிச்சிரப் போவுதுன்னு என் சம்சாரம் சேலைய விரிச்சுப் போட்டிருக்கறா."

'ங்க' எல்லாம் திரும்பி வந்துவிட்டதை யாரும் கவனிக்கவில்லை. கந்தன் குரலைத் தாழ்த்திக் கேட்டார்.

"அந்த எடம் எவ்வளவு தூரத்துல இருக்கு?"

கோவிந்தன் பதில் சொல்ல வாயெடுத்தார். பெரிய மனிதர், எல்லோர் முன்னாலும் துண்டால் முகத்தை மூடிக்கொண்டு அழுதார்.

"ரொம்பத் தூரங்க. இனிமே போவ முடியாதுங்க."

கூடம் எழுந்து நின்று கைதட்டியது. கந்தன் அவரைக் கட்டிக்கொண்டார். "தெக்கத்திக்காரன் ஒருத்தன்கிட்டகூட இப்படி ஒரு ஏக்கத்த நான் பாத்ததில்ல! இவர்தான்யா அசல் ராமநாதபுரத்துக்காரர்!" என்று சால்வை போர்த்தினார். வெளியில் நின்று ஜன்னல் வழியாகப் பார்த்துக்கொண்டிருந்த சென்னப்பன் மட்டும் கைதட்டவில்லை. அந்தப் புங்கமரத்தை வெட்டியவர்களில் அவனும் ஒருவன்.

அடுத்த சனிக்கிழமை தண்ணீர் வந்தது. சுகுணா தொட்டி நிரம்பும் சத்தத்தைக் கேட்டுக்கொண்டு குளியலறை வாசலிலேயே உட்கார்ந்திருந்தாள். அன்றைக்கே சம்பந்தியம்மாளுக்குப் போன் செய்து, குழாயின் பக்கத்தில் போனைப் பிடித்துக் கேட்கவைத்தாள்.

பங்குனியில் சேலத்தில் வளைகாப்பு முடிந்து, கைநிறைய வளையலோடு பிரியதர்ஷினி காரில் வந்து இறங்கினாள். மருமகளை ஒப்படைத்துவிட்டு வீட்டையும் ஒருமுறை பார்த்துக்கொண்டு போகலாம் என்று சரோஜம்மாளும் கூடவே வந்திருந்தார். வாசலில் ஆரத்தித் தட்டோடு சுகுணா. அவளுக்குப் பக்கத்தில், மலர்ச்செண்டோடு கந்தனும் நிர்வாகிகளும். அவர்களுக்குப் பின்னால் கம்பியோடு சென்னப்பன்.

"வாழ்த்துகள்!" என்று செண்டைப் பிரியதர்ஷினியிடம் கொடுத்தார் கந்தன். "சங்கத்துக்கு ரொம்பப் பெருமை. மிஸ்டர் கோவிந்தன், ஒரே ஒரு சின்ன விஷயம். நம்ம நகர்ல இதுவரைக்கும் ஒரு குழந்தைகூடப் பொறந்ததில்ல, தெரியுமா?"

"தெரியாதுங்க."

"தலைப்பிரசவம்னா தாயும் மகளும் பூர்வீகத்துக்குப் போயிருவாங்க. அதுதான் நம்ம விதி. ஏன்? குழந்தை இங்க பொறந்துட்டா அதுக்குச் சொந்த ஊர் எது? ஓசூர்னு ஆயிரும்! ஒரு பச்சைமண்ணுக்கு அப்படி ஒரு அநியாயத்த நாம செய்யலாமா? அதனால பொண்ண வேப்பங்கண்மாய்க்கு அழைச்சுட்டுப் போயிருங்க. குடும்பம் ஊர்ல இருக்கற காலத்துல வீட்டு வால்வ மூடி வைக்கிறது வழக்கம். காலி வீட்டுக்குத் தண்ணி விட்டா வீண்தான?"

"வூடு காலியில்லீங்களே. நாங்க நிக்கறமே."

"சங்கத்தப் பொறுத்தவரை நீங்க ஊருக்குப் போயாச்சு."

பின்வரிசையில் நின்ற ராசாத்தி முன்னால் வந்தாள். "சார், பிள்ளத்தாச்சிப் பொண்ணு சார். எங்க சனிக்கெழமத் தண்ணிய நாங்களே பகுந்துக்கிறோம்..."

"கிளை விதிய மீறினா சனிக்கிழமையே கெளைக்கு இல்லாமப் போகும் ராசாத்தி. யோசிச்சுப் பேசுங்க."

ராசாத்தி யோசித்தாள். வீட்டில் ஊறப்போட்டிருந்த அரிசி அவளுக்கு ஞாபகம் வந்திருக்கலாம். தரையைப் பார்த்துக்கொண்டு பழைய இடத்துக்கே போய் நின்றாள்.

கோவிந்தன் தோளில் கிடந்த துண்டை எடுத்துக் கையில் வைத்துக்கொண்டார். "சார், நான் பொய் சொல்லிட்டங்க. எனக்கு ராமநாதபுரமெல்லாம் தெரியாதுங்க. எங்கூரு இதுதாங்க. அன்னிக்கி நான் அழுததும் இந்த எடத்த நெனச்சுத்தாங்க."

நிர்வாகிகள் ஒருவரையொருவர் பார்த்துச் சிரித்தார்கள். கந்தன் அவர் தோளைத் தட்டினார்.

"அந்த அழுகைய நேர்ல பாத்தவங்க நாங்க. இந்த ஊருக்காக ஒரு மனுஷன் அப்படி அழுவானா? யாருகிட்ட விடுறீங்க கதை? ஊருக்குப் போகச் சோம்பல்பட்டுக்கிட்டு இப்படியெல்லாம் பேசாதீங்க. போங்க, ராத்திரி பஸ் இருக்கு."

தலையசைத்தார். சென்னப்பன் கம்பியைத் தரைக்குள் விட்டான். திருகுவதற்கு முன் கோவிந்தனைப் பார்க்காமலே, "ஏமனுகோவத்துண்ணா" என்றான். தப்பா நினைச்சுக்காதே என்று அதற்கு அர்த்தம். அங்கிருந்தவர்களில் அதைப் புரிந்துகொண்டவர்கள் கோவிந்தன் வீட்டார் மட்டும்தான். அப்புறம் திருகினான்.

இவ்வளவையும் கார் கதவைப் பிடித்தபடி கேட்டுக்கொண்டிருந்தார் சரோஜம்மாள். நேராக வீட்டுக்குள் போனார். குழாய் ஒன்றைத் திறந்து பார்த்தார். மூடினார். வெளியே வந்தார்.

"ஏனுங்க சம்மந்தி, ஓசூருன்னு சொல்லித்தான பொண்ணு குடுத்தீங்க? இவுரு என்னமோ ராமநாதபுரங்கறாரு?"

"அது வந்துங்க..."

"வுடுங்க. உங்க ரோசாத் தோட்டத்துல தண்ணி இருக்குதுங்களா?"

"இருக்குதுங்க. ஆனா அங்க வூடு இல்லீங்களே. மோட்டார் ரூமும் பக்கத்துல ஒரு ரூமுந்தான். ஷீட்டு போட்டது."

"ஷீட்டு மேல நாலு தென்னங்கீத்து போட்டா சூடு எறங்காது." மருமகளின் கையிலிருந்த மலர்ச்செண்டை வாங்கி நிர்வாகி ஒருவரின் கையில் திணித்தார். "ஏறு கண்ணு. ஏப்பா டிரைவரு, வண்டியத் திருப்பு."

சுகுணா ஆரத்தித் தண்ணீரைக் கந்தனின் காலடியில் கொட்டிவிட்டு, வீட்டைப் பூட்டிச் சாவியை முந்தானையில் முடிந்துகொண்டு காரில் ஏறினாள். ஆயுள் முழுவதும் சேர்த்துக் கட்டிய வீடு. பூட்டு சரியாக விழுந்ததா என்று கோவிந்தன் இரண்டு தடவை இழுத்துப் பார்த்தார். பிறகு டிவிஎஸ்ஸை எடுத்துக்கொண்டு காரின் பின்னாலேயே போனார். கேட்டில் காவலாளி, நகரைவிட்டு ஊருக்குப் போகிறவர்களுக்கு அடிக்கிற சல்யூட்டை அடித்தான்.

சித்திரை பிறந்தது. தோட்டத்து அறைக்குக் கீற்று வேய்ந்தாயிற்று. ரோஜாவுக்குப் பாயும் தொட்டியின் விளிம்பில் உட்கார்ந்து பிரியதர்ஷினி வீங்கிய கால்களைத் தண்ணீருக்குள் விட்டிருந்தாள். மோட்டார் ஓடிக்கொண்டிருந்தது. மதில்சுவருக்கு அந்தப் பக்கம் சமுதாயக்கூடத்தில் சங்கத்தின் ஆண்டுவிழா. ஒலிபெருக்கியை இந்தப் பக்கமாகத் திருப்பிக் கட்டியிருந்தார்கள். கூடத்தின் மேலே கோவிந்தனின் படம் போட்ட பேனர் ஒன்று, சால்வையோடு அழுகிற படம், சுவருக்கு மேல் பாதி தெரிந்தது. 'பூர்வீகம் திரும்பிய செம்மல்' என்ற எழுத்தும் தெரிந்தது.

"...வீடு வாசலெல்லாம் பூட்டிப் போட்டுட்டு," என்று கந்தனின் குரல் ரோஜாச் செடிகளின் மேல் வந்து விழுந்தது, "பேரப்பிள்ளை தன் மண்ணுல பொறக்கணும்னு, நானூறு கிலோமீட்டர் தாண்டிப் போய்ச் சேர்ந்துட்டாரு நம்ம கோவிந்தன்! இந்நேரம் அந்தக் கண்மாய்க்கரையில காத்து வாங்கிட்டு இருப்பாரு! நாம இங்க அநாதையா நிக்கிறோம்! வேர்னா அதுதான்யா வேர்!"

கைதட்டல் வெகுநேரம் நீடித்தது. கோவிந்தன் குழாயை ஒரு பாத்தியிலிருந்து அடுத்த பாத்திக்கு மாற்றிவிட்டு, நின்று கடைசிவரை கவனமாகக் கேட்டார்.

"அப்பா, உன்னத்தான் பேசறாங்க" என்று சிரித்தாள் பிரியதர்ஷினி.

"நானில்லம்மா," என்றார் கோவிந்தன். "பேரு ஒண்ணா இருக்குது. அவரு யாரோ வெளியூர்க்காரரு."